காளிங்கத்துக்குப் போட்ட வேட்டி

"ரெண்டும் ஆம்பளை. ஜயந்தன் சத்தியம் பண்ணிச் சொல்றான், ரெண்டும்..."

"அவன் கிடக்கான். நான் இந்த ரெண்டு கண்ணால..."

"உன் கண்ணுக்கு என்னடி தெரியும்? வாலைத் தூக்கிப் பாத்தியா?"

"நீங்க பாத்தீங்களா? பாக்குக் களத்துப் பந்தக்கால்ல தொத்திக்கிட்டு வேர்த்து ஊத்தினது யாருன்னு ஊருக்கே தெரியும்."

"அதை விடு. பின்னிக்கிட்டு நின்னது சண்டைக்கு. ரெண்டு ஆம்பளை அடிச்சுக்கிட்டு நிக்கும்போது போய்த் துணி போட்டா பிள்ளை எங்கேருந்து வரும்? ஜயந்தன் கேக்கறான், நான் பதில் சொல்ல முடியாம நிக்கறேன். ஒரு வருஷம் பொறுன்னே, பொறுத்தேன். யுகாதி வந்துது, போச்சு. வர்ற வியாழக்கிழமை கொப்பாவுக்குப் போய், பையனுக்கு ரெண்டாம் தாரம் நிச்சயம் பண்ணித் தாம்பூலம் மாத்திட்டு வரப்போறோம். அவ்வளவுதான்."

"மெதுவாப் பேசுங்க. மருமக கொட்டகையில இருக்கா."

"இருக்கட்டுமே. ஒளிச்சா பண்றேன்?"

சூடப்பா சொம்பை வைத்த வேகத்தில் வெல்லக் காப்பி தரையில் சிந்தியது. வாரிஜா கையிலிருந்த மாவு உருண்டையை வாழையிலையில் வைத்துத் தட்டினாள். இந்த ரொட்டியை இவள் தட்ட ஆரம்பித்து முப்பத்தைந்து வருஷமாகிறது. தட்டிய ரொட்டியை ஒருபுறம் சுட்டு மறுபுறம் திருப்புவதற்குள் சண்டை ஒன்று தொடங்கி முடிந்துவிடும். இந்தச் சண்டைதான் முடிய மாட்டேன் என்கிறது.

போன வருஷம் வேனிலில் நடந்தது அது. பாக்குக் களத்தின் ஓரத்தில் இரண்டு காளிங்கங்கள், ராஜநாகங்கள், ஆள் மார்பு உயரத்துக்கு எழும்பிப் பின்னிக்கொண்டு நின்றன. ஒன்றின் தலையை ஒன்று கீழே அழுத்தும். அழுத்தப்பட்டது வழுக்கிக்கொண்டு மறுபடி எழும்பும். ஊரே கூடிவிட்டது. பின்னிக் கிடக்கும் பாம்புகளின் மேல் துணி போட்டு, அவை பிரிந்து போனபின் அதை எடுத்துப் பெட்டியில் வைத்தால், அந்த வீட்டில் ஒரு வருஷத்துக்குள் தொட்டில் ஆடும் என்பது அந்த மலைப்பக்கத்தில் எல்லோரும் அறிந்தது. வாரிஜா உள்ளே ஓடி, கைக்கு அகப்பட்ட மகனின் கல்யாண வேட்டியை எடுத்துப் பாக்குக்குலை பறிக்கும் நீளக் கோலின் நுனியில் மாட்டி, வேலிக்கு இந்தப் பக்கம் நின்றபடியே போட்டாள். வேட்டி ஒரு கணம் இரண்டு தலைகளின் மேலும் முக்காடு போட்ட மாதிரி நின்றது. பிறகு நழுவி விழுந்தது. கூட்டத்தில் பெண்கள் குலவையிட்டார்கள். மருமகள் வினுதா மட்டும் கொட்டகை வாசலில் சாணிக் கையோடு நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். அவளுக்குக் கல்யாணமாகி அப்போது ஏழு வருஷம்.

இப்போது எட்டு.

ரொட்டி கருகும் வாசனை வந்தது. வாரிஜா திருப்பிப் போட்டாள்.

அவளுக்குத் தெரியும், அவை இரண்டும் ஆண்தான். ஜயந்தன் சொல்வதற்கு முன்பே தெரியும். இந்த வருஷம் மாசிக் கடைசியில் ஓடைக்கரைக்குச் சருகு வாரப் போனவள், தலையில் கூடையோடு அப்படியே நின்றுவிட்டாள். விழுந்து கிடந்த மரத்தை ஒட்டி ஒரு பெண் காளிங்கம் நீளமாகக் கிடந்தது. அதைவிடப் பெரிய ஆண் ஒன்று, தன் தலையை அவள் முதுகில் வைத்து, வாலிலிருந்து கழுத்துவரை மெல்லத் தேய்த்துக்கொண்டே போயிற்று. மறுபடி வாலுக்கு வந்தது. மறுபடி கழுத்துக்கு. அவள் ஒருமுறை படமெடுத்துச் சினந்து, கொஞ்சதூரம் நகர்ந்து போனாள். அவன் பின்னாலேயே போனான். மடி முட்டும் கன்றைப்போல விலாவில் முட்டினான். எழும்பவில்லை, பின்னிக்கொண்டு நிற்கவில்லை, ஊரைக் கூட்டவில்லை. கடைசியில் வால்கள் மட்டும் முறுக்கிக்கொண்டன. பிறகு இரண்டும் அசையவே இல்லை. வெயில் மரத்தின் இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் போயிற்று. வாரிஜாவின் கழுத்து மரத்துப்போயிற்று. இது இவ்வளவு சத்தமில்லாத காரியம் என்று அவளுக்கு யாரும் சொன்னதில்லை. துணி போட வேண்டும் என்ற நினைப்பே வரவில்லை. வீட்டுக்கு வந்து யாரிடமும் சொல்லவுமில்லை. சொன்னால், போன வருஷத்து வேட்டி வெறும் வேட்டியாகிவிடும்.

சொல்லாமல் வைத்திருப்பதில் அவளுக்குப் பழக்கம் உண்டு. மணிப்பாலில் டாக்டர் சொன்னதையும் அப்படித்தான் வைத்திருக்கிறாள். குறை மருமகளிடம் இல்லை. மகன் பூர்ணேஷனிடம்தான். வினுதா வெளியே பையைக் காத்துக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். உள்ளே அம்மாவும் மகனும் மட்டும். மலையேறும் பஸ்ஸில் அவன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு, "அவ்வா, அப்பய்யாவுக்குத் தெரிஞ்சா நான் ஓடையில விழுந்துடுவேன்" என்றான். ஒரே பிள்ளை. அவள் வாயைத் தைத்துக்கொண்டாள். அதன்பிறகு நாட்டு வைத்தியமும் நாகர் பூஜையும் எல்லாம் வினுதாவுக்கே நடந்தன. கசாயம் எல்லாம் அவளே குடித்தாள்.

கொப்பாப் பக்கத்துப் பெண்ணைப் பார்க்கப் போனபோது, ஆவி பறக்கும் கடுபுக் கொழுக்கட்டைத் தட்டை அவள்தான் கொண்டுவந்து வைத்தாள். வீட்டில் மூன்றாவது பெண். "நிறைய வேலை இருக்குமா, அம்மா?" என்று வாரிஜாவிடம் மட்டும் கேட்டாள். இவளுக்கும் கசாயம் காய்ச்ச வேண்டும் என்று அப்போது வாரிஜாவுக்குத் தோன்றியது. அன்றிலிருந்து ராத்திரித் தூக்கம் இல்லை.

சண்டைக்கு மறுநாள் காலையில் மாமியாரும் மருமகளும் சருகுக்குப் போனார்கள். மழைக்கு முன் கொட்டகையை நிரப்பியாக வேண்டும். மாட்டுக்குக் கீழே விரித்து, சாணியோடு மக்கி, பாக்கு மரத்தின் காலுக்குப் போகிற சருகு. அது இல்லாவிட்டால் தோட்டம் இல்லை. புழுக்கம் காட்டுக்குள் ஈரத்துணி மாதிரி தொங்கியது. இன்னும் மழை வராத வானம், கறுத்துக் கறுத்துக் கலைந்துகொண்டிருந்தது.

"மூங்கில் வளைவுப் பக்கம் இன்னிக்கு வேண்டாம்" என்றாள் வாரிஜா.

"ஏன் அத்தே? நீங்க கூட்டி வச்ச குவியல் அங்கேதானே கிடக்கு."

"கிடக்கட்டும். அங்க அவ இருக்கா."

"யாரு?"

"காளிங்கம். பத்து நாளா என் குவியல்ல குடியேறி இருக்கா. இடுப்பு வலின்னு தூக்காம விட்டுட்டு வந்தேன், அவளுக்கு வசதியாப் போச்சு."

வினுதா சிரித்தாள். அவளுக்குச் சிரிப்பு கழுத்துக்கு மேலேயே நின்றுவிடும். "நல்லா இருக்கு. நாம கூட்டறது, அவ குடியிருக்கறது. வாடகை கேட்டீங்களா?"

"உடம்பை ஒரு மடி மடிச்சு, அந்த மடிப்புக்குள்ள சருகை அணைச்சு இழுத்துட்டு வர்றாடீ. நாம ரெண்டு கையால வாரி மார்போட அணைக்கிற மாதிரி. நான் மேட்டுல நின்னு பாத்தேன். கை கால் எதுவும் இல்ல, நம்மளவிட நறுவிசாக் குவிக்கறா."

"பாம்புக்குக்கூடப் பிரசவத்துக்கு வீடு கிடைச்சுடுது."

அதற்குள் வளைவிலிருந்து ஜயந்தன் கையை ஆட்டினான். வாரிஜாவின் பெரியம்மா பேரன். பாம்பு எங்கே இருந்தாலும் அங்கே இருப்பான். வெற்றிலை குதப்பிய வாயோடு, "சின்னம்மா, வரலாம். இனிமே பயமில்ல. ஆனா வராம இருந்தா நல்லது" என்றான்.

"என்னடா மாராயா, காலையிலேயே விடுகதை போடறே?"

"வந்து பாருங்க."

மூங்கில் புதருக்கடியில் பாதி எழும்பிய குவியல். முழங்கால் உயரம்கூட வரவில்லை. அதற்குப் பக்கத்தில் அவள் நீண்டு கிடந்தாள். பின்கழுத்தில் கடித்த காயம். தலையிலிருந்து பாதி உடம்புவரை எச்சில் காய்ந்த பளபளப்பு. எறும்பு வர ஆரம்பித்திருந்தது. வயிறு மட்டும் பெருத்து, தோல் விரிந்து கிடந்தது.

"யாரு அடிச்சது?" என்றாள் வாரிஜா.

"யாரும் அடிக்கல. ஒரு பெரிய ஆண். நாலஞ்சு நாளா இந்தப் பக்கம் சுத்துதுன்னு நானும் பின்னாலேயே வந்தேன். நேத்து சாயங்காலம் இவளைப் பிடிச்சுட்டான். கடிச்சுக் கொன்னு முழுங்கப் பாத்தான். வயித்துகிட்ட வந்ததும் போகல. கக்கிட்டுப் போயிட்டான்."

"பொண்ணைத் தேடித்தானேடா வந்திருப்பான்?"

"தேடித்தான் வந்தான். வந்து மோந்து பாத்தா, இவ ஏற்கெனவே வேற ஒருத்தனோட முட்டைய சுமக்கறா. சில ஆணுக்கு அது பொறுக்காது, சின்னம்மா. எல்லாம் அப்படி இல்ல. சிலது விட்டுட்டுப் போயிடும். இது விடல."

"அவளுக்கு வயித்துல பிள்ளை. இவனுக்கு என்ன நஷ்டம்?"

"இவனோடது இல்லையே."

வினுதா கூடையைக் கீழே வைத்தாள். பாம்பையே பார்த்துக்கொண்டு, "நம்ம மனுஷங்க பரவாயில்ல" என்றாள். "கடிக்கறதில்ல. தாம்பூலம்தான் மாத்திக்கறாங்க."

ஜயந்தன் வெற்றிலையைத் துப்பப் போனவன் துப்பாமல் நின்றான். வியாழக்கிழமைச் செய்தி அவன் காதுக்கும் எட்டியிருந்தது. பேச்சை மாற்ற வேண்டி, "சின்னம்மா, நீங்க பாக்காத மாதிரி போயிடுங்க. நானும் வாயைத் திறக்கல. காட்டுல செத்தது, காடு தின்னுட்டுப் போகட்டும்" என்றான்.

அது நல்ல புத்திதான். செத்த நாகத்தை எவர் கண்டு துணியால் மூடுகிறாரோ அந்த வீட்டுச் சாவு அது. அந்த வீட்டு மகன் மொட்டையடித்து, பெற்றவளுக்குக் கொள்ளி வைப்பதுபோல வைக்க வேண்டும். தீட்டுக் காக்க வேண்டும். வருஷம் திரும்பும்வரை அந்த வீட்டில் ஒரு மங்கல காரியம் கூடாது. அதனால்தான் அந்தப் பக்கத்தில் செத்த பாம்பைக் கண்டவர்கள் எல்லோருக்கும் திடீரென்று கண் தெரியாமல் போய்விடும்.

வாரிஜா அந்தப் பாதிக் குவியலைப் பார்த்தாள். தான் கூட்டிய சருகு. தன் இடுப்பு வலி. தூக்கிக்கொண்டு போயிருந்தால் இவள் வேறெங்காவது குவித்திருப்பாள். அவன் கண்ணில் படாமல்கூட இருந்திருப்பாள்.

"வினுதா."

"சொல்லுங்க அத்தே."

"வீட்டுக்குப் போ. என் பெட்டியில அடியில மஞ்சள் தடவின வேட்டி ஒண்ணு இருக்கு. எடுத்துட்டு வா."

"அது..."

"அதேதான்."

"சின்னம்மா!" என்றான் ஜயந்தன். "சூடப்பா பெரியவரு என்னைக் கொன்னுடுவாரு."

"உன்னை ஏன் கொல்றாரு? நீதான் அவருகிட்ட ரெண்டும் ஆம்பளைன்னு சொன்ன நல்லவன் ஆச்சே."

"கேட்டாரு, சொன்னேன். எனக்கென்ன தெரியும், அதை வச்சுக் கல்யாணம் பேசுவாருன்னு?"

"சரி விடு. நீ சொன்னது நிஜம்தான்" என்றாள் வாரிஜா. "நானும் பாத்தேன்."

வினுதா வேட்டியோடு வந்தபோது அவளுக்கு மூச்சு வாங்கியது. ஓடி வந்திருக்கிறாள். வாரிஜா மடிப்பைப் பிரித்தாள். மஞ்சள் வாசனையும் பெட்டி வாசனையும் சேர்ந்து வந்தன. தலையில் தொடங்கி, வயிற்றின் மேல் இழுத்து, வால்வரை மூடினாள். வால் நுனி கொஞ்சம் வெளியே தெரிந்தது. அவ்வளவு நீளமாக இருந்தாள்.

"காட்டுல கிடந்த பிணத்தை வீட்டுக்குள்ள இழுத்துட்டு வந்துட்டாளே, பாவி!"

சூடப்பாவின் குரல் தோட்டத்து அடிவரை கேட்டது. பட்டரை அழைத்துவந்து கேட்டாகிவிட்டது. ஏதாவது விலக்கு சொல்லிவிடும் எண்ணத்தோடுதான் அவர் வந்தார். யாருடைய துணி என்று கேட்டார். மகனுடைய கல்யாண வேட்டி என்று வாரிஜாவே சொன்னாள். அவர் நெற்றியைத் தடவிக்கொண்டார். "அப்ப வேற பேச்சே இல்ல. பையன்தான் கர்மம் பண்ணணும்" என்று சொல்லிவிட்டுக் காப்பி குடிக்காமல் போய்விட்டார்.

"தெரியாம பண்ணியா, தெரிஞ்சு பண்ணியா? அதை மட்டும் சொல்லு."

"பிள்ளைத்தாச்சியா செத்துக் கிடந்தா. மனசு கேக்கல."

"பாம்புக்கு மனசு கேக்கலை. இந்த வீட்டுக்குக் கேக்குதா? நாலு தலைமுறைத் தோட்டம்டி. எனக்கப்புறம் இவன். இவனுக்கப்புறம்? மழைக்காலத்துல மரம் ஏறி மருந்தடிக்க ஒருத்தன் வேணாமா? குரங்குக்கா நான் பாக்கு வளக்கறேன்?" திட்டிக்கொண்டே வந்தவர் படியில் உட்கார்ந்துவிட்டார். குரல் இறங்கிவிட்டது. "எனக்கும்தான் வினுதா மேல என்ன கோபம்? சொல்லு. நல்ல பொண்ணு. ஆனா நான் என்ன பண்ணட்டும்?"

வாரிஜா அவருடைய காலைப் பார்த்தாள். நகமெல்லாம் தோட்டத்துச் சேறு புகுந்து கறுத்திருந்தது. அவரைத் திட்டவும் அவளுக்குத் தெம்பில்லை. ஒரு வார்த்தை சொன்னால் போதும். அந்த வார்த்தை அவளுடையது இல்லை.

பூர்ணேஷன் குளியலறைப் பக்கம் வெந்நீர்த் தவலைக்கடியில் விறகைத் தள்ளிக்கொண்டு குந்தியிருந்தான். புகை கண்ணில் பட்டாலும் முகத்தைத் திருப்பவில்லை.

"கேட்டியா?" என்றாள் வாரிஜா.

"ஊரே கேட்டுது."

"ஒரு வருஷம் கிடைச்சிருக்கு. அதுக்குள்ள நீ அப்பய்யாகிட்ட சொல்லிடு. நான் பக்கத்துல நிக்கறேன்."

"அவ்வா..."

"அந்தக் கொப்பாப் பொண்ணையும் கொண்டுவந்து கசாயம் ஊத்தணுமா? ரெண்டு பேருக்கு ஊத்த என் கையில சக்தி இல்லடா."

அவன் ஒரு கட்டையை உள்ளே தள்ளினான். வெளியே இழுத்தான். மறுபடி தள்ளினான்.

"வினுதாகிட்டயாவது சொன்னியா?"

அவன் தவலைக்கடியில் சாம்பலைக் கிளறினான்.

"எட்டு வருஷமா ஊர் அவளை மலடின்னுது. நீ காதுல கேட்டுக்கிட்டுச் சாப்பிட உக்காந்தே."

"மொட்டை அடிச்சுக்கறேன், அவ்வா" என்றான் கடைசியில். "கொள்ளி வைக்கறேன். தீட்டுக் காக்கறேன். என்ன சொன்னாலும் செய்யறேன். அதுமட்டும் முடியாது."

"மொட்டை சுலபம்."

"ஆமா. சுலபம்."

ஓடைக்கரையில் சிதை அடுக்கினார்கள். சந்தனக் கட்டை ஒரு துண்டு, மிச்சமெல்லாம் மாவும் பலாவும். பாலும் நெய்யும் ஊற்றினார்கள். வயிற்றில் இருப்பதோடு எரிக்கலாமா என்று யாரோ கேட்டார்கள். பட்டர் யோசித்தார். ஜயந்தன், "அதுவும் செத்திருக்கும், சாமி. அம்மாவோடயே போகட்டும்" என்றான். கொள்ளியோடு பூர்ணேஷன் சுற்றி வந்தபோது அவனுடைய மொட்டைத்தலை புதிதாய்ப் பிறந்த எதையோ போல வெளுத்திருந்தது. அவன் அழுதான். பாம்புக்காக இப்படி அழுகிறானே என்று பெண்கள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்கள். எவ்வளவு நல்ல மனசு என்றார்கள். வினுதா அழவில்லை. நெருப்பு வேட்டியைப் பிடிப்பதைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

கொப்பாவுக்கு ஆள் போயிற்று. அவர்கள் வருஷம் காத்திருப்பதாகச் சொல்லி அனுப்பினார்கள். அதைக் கேட்டபோது வாரிஜா அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். முறம் கையில் ஒரு தட்டு தவறியது. அவ்வளவுதான்.

தீட்டு முடிந்து, வீடு கழுவி, மறுபடி சருகுக்குப் போனார்கள். இந்த முறை மூங்கில் வளைவுக்கு. மேற்கே இடி உருண்டது. மழை இன்றோ நாளையோ இறங்கிவிடும். அரைகுறையாக எழும்பிய குவியல் அப்படியே கிடந்தது. காற்று அதன் மேல்பக்கத்தைக் கொஞ்சம் கலைத்திருந்தது. வாரிஜா உட்கார்ந்து பிளாஸ்கைத் திறந்து காப்பி ஊற்றினாள். ரொட்டியைப் பிட்டு, நடுவில் வடுமாங்காய் வைத்து நீட்டினாள்.

"சாப்பிடு. இதைத் தொட வேண்டாம்னு பாக்கறேன். மக்கிப் போகட்டும்."

"மழை வந்தா நம்ம கொட்டகைக்கு எது, அத்தே?" என்று வினுதா எழுந்து, இரண்டு கையாலும் அந்தச் சருகை வாரி மார்போடு அணைத்துக் கூடையில் போட்டாள். மறுபடி வாரினாள். கீழடுக்கு வெதுவெதுப்பாக இருந்ததோ என்னவோ, கையை அங்கேயே கொஞ்சநேரம் வைத்திருந்தாள்.

"நீங்க அன்னிக்கு வேட்டி கொண்டுவரச் சொன்னப்பவே புரிஞ்சுது" என்றாள். "ஓட்டமா ஓடினேன்."

"பாத்தேன்."

"மணிப்பால்லேருந்து வந்த அன்னிக்கு உங்க பிள்ளை சோறு திங்கல. நீங்களும் திங்கல. நான் மட்டும்தான் தின்னேன். மறுநாள்லேருந்து எனக்குக் கசாயம் வந்துது."

வாரிஜா பிளாஸ்கின் மூடியைத் திருகினாள். அது ஏற்கெனவே இறுகியிருந்தது. மூங்கிலைக் காற்று உரசியது. முதல் துளிகள் காய்ந்த இலையில் எங்கோ தட்டின.

வினுதா கூடையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள். அதில் பாதி மண்ணும் இருந்தது.

"ஒரு வருஷம் ஆனப்புறம், அடுத்தது யாரு சாகணும், அத்தே?"